யாருடைய உறக்கம்? மறதிநோயாளரின் இரவு பற்றிய ஒரு வரலாற்று நோக்கு

வரலாறு என்றதும் விழித்திருப்போரின் செயல்களையே நாம் பெரும்பாலும் எண்ணுகின்றோம். போர், புரட்சி, வேலைநிறுத்தம், பாராளுமன்ற விவாதம் ஆகிய யாவும் அத்தகையனவே. மனிதன் தன் வாழ்நாளில் ஏறத்தாழ மூன்றிலொரு பங்கைக் கழிக்கும் உறக்கத்தை உடலின் இயல்பென்று கூறி வரலாற்றுக்கு வெளியே விட்டுவிடுகின்றோம். ஆயின் யார் உறங்குகின்றார், அவருக்காக யார் விழித்திருக்கின்றார், உறங்காதவரை யார் எவ்வாறு அடக்குகின்றார் என்று வினவத் தொடங்கியதும் உறக்கமும் சமுதாய வரலாற்றின் பகுதியாகிவிடுகிறது. இவ்வினாக்கள் மிகக் கூர்மையாக எழும் இடம், முதுமையில் அறிவு மங்கியவர்களின் கட்டிலருகேயாகும்.

மருத்துவர் டிமென்ஷியா என வழங்கும் நிலையை இன்று மறதிநோய் என்று எழுதுகின்றோம். யாழ்ப்பாணத்துப் பேச்சுவழக்கில் 'அறளை பெயர்ந்துவிட்டது' என்பர். மறதி என்னுஞ் சொல் இந்நோயின் பகற்பாதியை மட்டுமே சுட்டுகிறது. வீட்டிலுள்ளோர் அறிந்த மறுபாதி இரவுக்குரியது. பொழுது சாயும் வேளையில் காரணந் தெரியாத பதற்றம் ஒன்று பிறக்கும். தம் வீட்டுத் திண்ணையிலேயே இருந்துகொண்டு 'வீட்டுக்குப் போகவேண்டும்' என்று முதியவர் எழுந்து நிற்பார். நள்ளிரவில் உடுத்திக்கொண்டு படலையைத் திறக்க முயல்வார். விடிந்தபின் சாய்மனைக் கதிரையில் அயர்ந்து தூங்குவார். ஆழ்ந்த நித்திரை குறைந்து, எஞ்சிய நித்திரையும் துண்டு துண்டாக உடைந்து, பகலும் இரவும் தம்முட் கலந்துவிடுகின்றன. அந்தி நேரத்துப் பதற்றத்துக்கு ஆங்கிலம் பேசும் நாடுகளின் தாதியர் சூரியன் மறைவதைக் கொண்டே ஒரு பெயரிட்டனர். நாம் அதனை அந்தி மயக்கம் எனலாம்.

இந்த இரவை மருத்துவ அறிவியல் எவ்வாறு விளங்கிக்கொண்டது என்பது சுவையான கதை. அதனினும் முக்கியமான வினா ஒன்றுண்டு. விளங்கிக்கொண்ட பின்னரும் சமுதாயம் ஏன் வேறு வழியிற் சென்றது? அவ்வினாவுக்கு விடை காண்பதே இக்கட்டுரையின் நோக்கம்.

1901ஆம் ஆண்டு நவம்பர் 25ஆம் நாள் ஜேர்மனியின் பிராங்பேர்ட் நகர மனநோய் மருத்துவமனையில் 51 வயதுப் பெண்ணொருவர் சேர்க்கப்பட்டார். பெயர் ஆகுஸ்ற் டீட்டர். கணவர் புகையிரதப் பகுதியில் இலிகிதர். அவரை அனுப்பிவைத்த மருத்துவர் எழுதிய குறிப்பில் ஞாபகக் குறைவோடு நித்திரையின்மையும் நோய்க்குறியாகச் சொல்லப்பட்டிருந்தது. அங்கு பணிபுரிந்த அலோயிஸ் அல்சைமர் அவரை நேரிற் பரிசோதித்து, அவருடைய விடைகளைச் சொல்லுக்குச் சொல் எழுதிவைத்தார். 1906 ஏப்ரலில் அப்பெண் இறந்தபின் மூளையை நுணுக்குக்காட்டியின் கீழ் ஆராய்ந்து, அவ்வாண்டு நவம்பரில் ரியூபிங்கன் நகரிற் கூடிய மருத்துவர் கூட்டத்தில் தாம் கண்டதை எடுத்துரைத்தார். 1910இல் எமில் கிரெப்பலின் தமது பாடநூலில் இந்நோய்க்கு அல்சைமரின் பெயரையே சூட்டினார்.

அல்சைமர் கண்ட மூளைப் படிவுகளையும் நார்முடிச்சுகளையும் இன்று பாடசாலை மாணவரும் அறிவர். 1907இல் அவர் வெளியிட்ட சிறு கட்டுரையில் வேறொன்றும் உண்டு. அப்பெண் தம் படுக்கைத் துணிகளை இழுத்துக்கொண்டு அலைந்ததும், கணவனையும் மகளையும் கூவியழைத்ததும், மணிக்கணக்கிற் கதறியதும் அதிற் பதிவாகியுள்ளன. படிவுகளைப் பற்றிப் பின்வந்தோர் எழுதியவை நூலகங்களை நிரப்பும். படுக்கைத் துணியோடு அலைந்த பெண்ணின் இரவைப் பற்றி நெடுங்காலம் எவரும் எழுதவில்லை. மூளை ஆய்வாளருக்கு உரியதாயிற்று. இரவு காவற்பணியாளருக்கு உரியதாக எஞ்சிற்று.

அக்காலத்து மனநோய் விடுதிகளில் அக்காவற்பணியாளரின் நிலை யாது? 1839இல் இங்கிலாந்தின் ஹன்வெல் விடுதியில் ஜோன் கொனலி நோயாளரைக் கட்டிவைக்கும் வழக்கத்தை ஒழித்தமை மனிதாபிமானத்தின் பெருவெற்றியென்று போற்றப்படுவதுண்டு; அது நியாயமே. பிராங்பேர்ட்டிலும் அதிபர் எமில் சியோலியும் அல்சைமரும் கட்டுகளைத் தவிர்க்கவே முயன்றனர். ஆயினும் கட்டு அவிழ்ந்த இடத்தில் ஒரு மனிதக் கை வேண்டியிருந்தது. எழுந்து நடப்பவரோடு கூட நடப்பதற்கும், அஞ்சியவரின் அருகில் அமர்வதற்கும், நனைந்த படுக்கையை மாற்றுவதற்கும் ஆட்கள் வேண்டும். பகலில் இருந்த ஆட்கள் இரவில் இல்லை. அந்த வெற்றிடத்தை நிரப்பியது மருந்து. 1869இல் பேர்லினில் ஒஸ்கார் லீப்றைச் குளோரல் ஹைட்ரேற்றை நித்திரை மருந்தாக அறிமுகப்படுத்தினார். 1882இல் பரல்டிஹைட் வந்தது. 1903இல் எமில் பிஷரும் யோசேப் வொன் மேரிங்கும் பார்பிற்றோலின் நித்திரை தரும் இயல்பை வெளியிட்டனர். ஜேர்மானிய இரசாயனக் கைத்தொழில் அதனை வெரனல் என்ற பெயரிற் சந்தைப்படுத்திற்று.

இம்மருந்துகள் துன்பத்தைத் தணித்ததே இல்லை என்று கூறுவது அநீதியாகும். எனினும் ஒன்றைக் கவனித்தல் வேண்டும். ஒரு விடுதியில் உறங்காத ஒருவருக்கு மருந்து கொடுக்கும்போது, மருந்தை விழுங்குபவர் ஒருவர், அதனால் அமைதி பெறுவோர் வேறு பலர். அடுத்த கட்டிலில் உள்ளோர் உறங்குகின்றனர். தனித்து நிற்கும் காவற்பணியாளர் மூச்சு விடுகின்றார். கூடுதல் ஆளுக்குச் சம்பளம் கொடுக்கும் கடமையினின்று நிருவாகம் தப்புகிறது. மறதிநோயாளரின் இரவைப் பற்றிய வரலாறு முழுவதிலும் 'யாருடைய உறக்கத்திற்காக?' என்ற வினா ஒலித்துக்கொண்டே இருக்கிறது.

இவ்வினாவை அறிவியல் முறையில் முதலிற் கிளப்பியிருக்கக்கூடிய பரிசோதனை ஒன்று 1941இல் வெளிவந்தது. இதனைச் செய்தவர் ஸ்கொட்லாந்திற் பிறந்து அப்போது அமெரிக்காவின் ஓல்பனி நகரிற் பணிபுரிந்த உளமருத்துவர் இவென் கமரன். முதியோர் இரவிற் கலங்குவது பகல் முழுதும் உழைத்த உடலின் சோர்வினாலா, அன்றி இருளினாலா என்பதே அவர் கேட்ட கேள்வி. இரவிற் கலங்கும் இயல்புடைய முதியோரைப் பட்டப்பகலில் இருட்டறையில் இருத்தினார். ஒரு மணி நேரத்திற்குள் இரவிற் காணும் அதே கலக்கம் தோன்றிற்று. வெளிச்சத்திற்குக் கொண்டுவந்ததும் அடங்கிற்று. தாம் எங்கிருக்கின்றோம் என்ற உணர்வை ஞாபகத்தினால் மட்டும் இவர்களாற் பேண முடிவதில்லை, கண்ணால் மீண்டும் மீண்டும் பார்த்தே பேணுகின்றனர், ஆகவே இருள் அவர்களிடமிருந்து இடத்தையே பறித்துவிடுகிறது என அவர் முடிவு கூறினார்.

இம்முடிபு எவ்வளவு எளிமையானது! கதவு, சுவர், யன்னல், தெரிந்த முகம் ஆகியவற்றைக் காணக்கூடிய சிறு வெளிச்சம் ஒரு மருந்துக்கு நிகராகலாம் என்பதே அதன் பொருள். ஆயினும் விளக்கின் திரியைத் தூண்டுவதினும் குளிசையைக் கொடுப்பதே அடுத்த அரை நூற்றாண்டின் வழக்கமாயிற்று.

கமரனின் பின்வந்த வாழ்வோ அறிவியல் வரலாற்றின் கசப்பான பக்கங்களுள் ஒன்று. 1943இல் கனடாவின் மொன்றியல் நகரில் அலன் நினைவு நிலையத்தின் தலைவரான அவர், 1950களிலும் 60களின் முற்பகுதியிலும் தம் நோயாளரை மருந்தினால் வாரக்கணக்கில் உறக்கத்தில் ஆழ்த்தி, மின்னதிர்ச்சியூட்டி, ஒலிநாடாவிற் பதிந்த வாசகங்களை ஓயாது கேட்கவைத்தார். அந்நோயாளருட் பலர் மனச்சோர்வுக்கும் பதற்றத்துக்கும் சிகிச்சை நாடி வந்தவர்கள். முன்னிருந்த ஞாபகத்தையும் இழந்து வெளியேறினர். 1957 முதல் இவ்வேலைக்கு அமெரிக்க மத்திய உளவுத்துறையின் பணம் ஒரு போலி நிறுவனத்தின் வாயிலாகச் சென்றது 1977இல் அம்பலமாயிற்று. 1992இல் கனடிய அரசாங்கம் பாதிக்கப்பட்டோரிற் சிலருக்கு இழப்பீடு வழங்கியது. இருளில் வைக்கப்பட்ட முதியவர் தம்மை இழப்பதைக் கண்டறிந்தவரே, பிறரை இருண்ட உறக்கத்தில் ஆழ்த்தி அவர்தம் நினைவை அழித்தார். அவரது அறிவு குறைவானதன்று. நோயாளரின் சம்மதம் தேவையில்லை என்று கருதிய அதிகாரமே அவர் கையிற் கூடிற்று.

இரண்டாம் உலகப்போருக்குப் பின் இங்கிலாந்தில் 1948இல் தேசிய சுகாதார சேவை உருவாயிற்று. உழைக்கும் மக்கள் பெற்ற பேறுகளுள் அது தலையாயது. ஆனால் முதியோரின் விடயத்திற் பழைய வறியோர் இல்லங்களின் சுவர்களே புதிய பெயரோடு நின்றன. பீற்றர் ரவுண்ஸென்ட் 173 முதியோர் இல்லங்களை நேரிற் பார்த்து எழுதிய நூல் 1962இல் வெளிவந்து, அச்சுவர்களுக்குள் நிலவிய தனிமையையும் செயலின்மையையும் உலகிற்குக் காட்டிற்று. 1967இல் பார்பரா றொப் தொகுத்து வெளியிட்ட நூல் முதியோர் வாட்டுகளில் நடந்த கொடுமைகளைப் பற்றிய சாட்சியங்களை முன்வைத்தது. முதியோரிடமிருந்து மூக்குக்கண்ணாடி, செயற்கைப் பல், கேள்விக் கருவி ஆகியவை பறிக்கப்பட்டன என்பது அக்குற்றச்சாட்டுகளுள் ஒன்று. கமரனின் 1941ஆம் ஆண்டுப் பரிசோதனையோடு இதனை ஒப்பிட்டு நோக்குக. கண்ணாடியை இழந்தவருக்குப் பகலும் இருட்டறைதான். இத்தகைய வாட்டுகள் கலக்கத்தை விளைவித்துவிட்டு, விளைந்த கலக்கத்தை நோயின் கணக்கில் எழுதின எனக் கூறுதல் மிகையன்று.

விடுதியை விட்டு வீட்டுக்கு வருவோம். 1975இல் ஜே. சான்போர்ட் என்னும் இலண்டன் மருத்துவர், வீட்டில் முதியோரைப் பராமரித்து, இனி இயலாதென்று வைத்தியசாலையை நாடிய 50 பேரிடம் ஓர் எளிய வினாவைக் கேட்டார்: எதனைப் பொறுக்க முடிந்தது, எதனைப் பொறுக்க முடியவில்லை? ஈரப் படுக்கையை மாற்றும் வேலையைப் பெரும்பாலோர் பொறுத்துக்கொண்டனர். பாதிக்கு மேற்பட்டோர் எடுத்துரைத்த இரவுத் தொல்லையைப் பொறுக்க முடிந்தோரோ மிகச் சிலரே. வைத்தியசாலை வாயிலில் தாயைக் கொண்டுவந்து விடும் மகளை நன்றிகெட்டவள் என்று ஏசும் ஊர்வாய்க்கு இவ்வாய்வு தக்க விடையாகும். அவளிடம் அன்பு தீர்ந்துவிடவில்லை; மாதக்கணக்கில் அவள் உறங்கவில்லை. பின்னர் அமெரிக்காவில் நடந்த ஆய்வுகளும், முதியோரை இல்லங்களிற் சேர்க்கும் முடிவுக்குக் குடும்பங்களைத் தள்ளும் காரணங்களுள் இரவு விழிப்பு முன்னிற்பதைக் காட்டின.

இதற்கிடையில் உறக்கம் பற்றிய அறிவியல் பெரும் பாய்ச்சலில் முன்னேறியது. 1953இல் சிக்காகோவில் அசெரின்ஸ்கியும் கிளைற்மனும், நித்திரையின் சில கட்டங்களிற் கண்கள் விரைந்து அசைவதைக் கண்டறிந்து, உறக்கம் ஒரே சீரான மயக்கநிலை அன்று என்பதை நிறுவினர். 1967இல் ஏர்வின் பைன்பேர்க்கும் அவர்தம் துணைவரும் மறதிநோயுற்ற முதியோரின் உறக்கத்தை மூளை மின்னலைப் பதிவுகளால் ஆராய்ந்து, அது ஆரோக்கியமான முதியோரின் உறக்கத்தினின்று வேறுபடுவதைக் காட்டினர். 1972இல் அமெரிக்காவின் இரு ஆய்வுக் குழுக்கள், கண்நரம்புகள் ஒன்றையொன்று கடக்குமிடத்துக்குச் சற்று மேலே அமைந்த சிறு நரம்புக்கலத் திரளே பாலூட்டிகளின் நாட்கடிகாரம் என்று எலிகளிற் கண்டன. அக்கடிகாரத்தை நாள்தோறும் திருத்திவைப்பது கண்வழி புகும் வெளிச்சம். 1985இல் அம்ஸ்ரர்டாமில் டிக் சுவாப்பும் உடனாய்வாளரும், மிகு முதுமையில் மனித மூளையின் இக்கலங்கள் குறைவதையும், மறதிநோயுற்று இறந்தோரில் அவை இன்னும் குறைந்திருப்பதையும் வெளியிட்டனர்.

இதன் கருத்து தெளிவானது. படலையடியில் நள்ளிரவில் நிற்கும் முதியவர் பிடிவாதத்தினால் அங்கு நிற்கவில்லை. அவருடைய கடிகாரமே சிதைந்துள்ளது. சிதைந்த கடிகாரத்துக்கு வலுவான பகல் வெளிச்சமும் ஒழுங்கான நடமாட்டமும் முன்னிலும் மிகுதியாகத் தேவை. அவருக்குக் கிடைத்தவை யாவை? 1980களிலும் 90களிலும் கலிபோர்னியா மாநிலத்து முதியோர் இல்லங்களில் சோனியா அன்கொலி-இஸ்ரேலும் பிறரும் நடத்திய ஆய்வுகள், அங்குள்ளோர் நாளொன்றுக்குச் சில நிமிடங்களே பிரகாசமான ஒளியைக் கண்டதையும், இருபத்து நான்கு மணி நேரத்தில் ஒரு மணி நேரங்கூடத் தொடர்ந்து உறங்கவோ தொடர்ந்து விழித்திருக்கவோ இயலாதிருந்தோர் பலர் என்பதையும் காட்டின. ஜோன் ஷ்னெல்லும் துணைவரும் இரவு முழுதும் கூடவிருந்து பார்த்தபோது, முதியோர் விழித்தெழுந்ததிற் கணிசமான பங்கு பணியாளரின் சத்தத்தோடும், திடீரென எரியும் விளக்கோடும், நேர அட்டவணைப்படி நடக்கும் துணி மாற்றத்தோடும் ஒத்திருந்தது. நோய் உடைத்த உறக்கத்தை நிறுவனம் மேலும் உடைத்துக்கொண்டிருந்தது.

அந்நிறுவனங்களின் பொருளாதார அடித்தளத்தை நோக்காமல் இதனை விளங்கமுடியாது. 1965இல் அமெரிக்காவில் முதியோருக்கும் வறியோருக்கும் அரசாங்க மருத்துவ உதவித் திட்டங்கள் வந்தபின், அப்பணத்தை நம்பி இலாப நோக்குடைய முதியோர் இல்லங்கள் பெருகின. இலாபத்தைக் கூட்டுவதற்கு எளிய வழி ஆட்களைக் குறைப்பது. ஆட்களைக் குறைப்பதற்கு ஏற்ற வேளை இரவு. 1952 முதல் உளமருத்துவத்திற் பரவிய குளோர்ப்புரோமசீனும் அதன் வழிவந்த மருந்துகளும் இவ்விடத்திற் கைகொடுத்தன. செனற்றர் பிராங்க் மொஸ் தலைமையிலான உபகுழு 1975இல் வெளியிட்ட அறிக்கையொன்று, முதியோர் இல்லங்களில் மருந்து தவறாகப் பயன்படுவதையும், மருந்து வாங்குவதிற் கைமாறும் தரகுப் பணத்தையும் வெளிக்கொணர்ந்தது. 1987இல் இயற்றப்பட்ட சீர்திருத்தச் சட்டம், தண்டிப்பதற்காகவோ பணியாளரின் வசதிக்காகவோ எவரையும் கயிற்றாலோ மருந்தாலோ கட்டலாகாது என விதித்தது. மருந்தும் ஒரு கயிறே என்று சட்டமே ஒப்புக்கொண்ட நாள் அது. தம் உறவினருக்காகக் குரலெழுப்பிய குடும்பங்களும் முதியோர் உரிமைக் குழுக்களும் பல்லாண்டுகள் போராடியே அச்சட்டத்தைப் பெற்றனர்.

சட்டம் வந்தும் வழக்கம் விரைவில் மாறவில்லை. 2005இல் அமெரிக்க மருந்துக் கட்டுப்பாட்டு அதிகாரசபை, மறதிநோயுற்ற முதியோருக்குப் புதிய வகை மனநோய் மருந்துகளைக் கொடுக்கும்போது இறப்பு ஏறத்தாழ 1.6 முதல் 1.7 மடங்காகிறது என எச்சரித்தது. 2008இல் அவ்வெச்சரிக்கை பழைய மருந்துகளுக்கும் நீட்டப்பட்டது. 2009இல் பிரித்தானிய அரசாங்கத்திற்காகப் பேராசிரியர் சுபே பானர்ஜி தயாரித்த அறிக்கை, அந்நாட்டில் மறதிநோயாளர் சுமார் 180,000 பேருக்கு இம்மருந்துகள் ஆண்டுதோறும் கொடுக்கப்படுவதாகவும், அவற்றாற் பயன்பெறுவோர் 36,000 பேர் வரையிலேயே என்றும், ஆண்டுக்கு 1,800 இறப்புகள் மேலதிகமாக நேர்வதாகவும் மதிப்பிட்டது. இரவு அமைதிக்காக மட்டும் இம்மருந்துகள் கொடுக்கப்படவில்லை என்பது உண்மை. பகற் பதற்றத்துக்கும் பயக்காட்சிகளுக்கும் கொடுக்கப்பட்டன. வேறு வழியெல்லாம் தோற்றபின் அவை தேவைப்படும் நோயாளரும் உளர். ஆனால் வேறு வழிகளை முயல்வதற்கு ஆட்களே இல்லாத இடத்தில், கடைசி வழி முதல் வழியாகிவிட்டது.

இதில் இன்னொரு கொடிய முரண்பாடும் உண்டு. 1976 முதல் ஜப்பானிய மருத்துவர் கென்ஜி கொசாகா விவரித்த லூவி உடல் மறதிநோயில், தெளிவான பயக்காட்சிகள் தோன்றும். கனவில் நிகழ்வதை உறக்கத்திலேயே கையாலும் காலாலும் நடிக்கும் கோளாறும் அதில் அடிக்கடி காணப்படுகிறது. அக்கோளாற்றை மினியாப்பொலிஸ் நகர மருத்துவர் ஷெங்கும் மஹவோல்டும் 1986இல் தனியாக இனங்கண்டனர். ஞாபகம் மங்குவதற்குப் பல ஆண்டுகளுக்கு முன்னரே அது தோன்றக்கூடும் என்பது பின்னர் தெரியவந்தது. இரவில் மிகுந்த குழப்பம் விளைவித்து மருந்துக்கு முதலில் இலக்காகக்கூடியோர் இவர்களே. 1992இல் நியூகாசில் நகர மருத்துவர் இயன் மக்கீத்தும் உடனாய்வாளரும், அம்மருந்துகள் இந்நோயாளரிற் பலரை விறைப்பிலும் மயக்கத்திலும் ஆழ்த்தி மரணத்துக்கே கொண்டுசெல்வதை எடுத்துக்காட்டினர். அமைதிப்படுத்தும் அவசரத்தில், எவரை அமைதிப்படுத்துகின்றோம் என்று பாராததன் விலை அது.

மாற்று வழி இல்லையா? உண்டு, அது செய்துகாட்டப்பட்டுமுள்ளது. 2008இல் நெதர்லாந்திலிருந்து வெளிவந்த ஓர் ஆய்வு 12 பராமரிப்பு இல்லங்களில் 189 முதியோரை நீண்டகாலம் தொடர்ந்து கவனித்தது. அவற்றுட் சிலவற்றின் பொது மண்டபங்களிற் பகல் முழுதும் பிரகாசமான கூரைவிளக்குகள் எரிந்தன. அங்கிருந்தோரில் அறிவுத் தேய்வு சிறிதளவு தணிந்தது; மனச்சோர்வு குறைந்தது. இப்பயன் அற்புதமன்று, நோய் நீங்கிவிடவும் இல்லை. ஆனால் ஒரு மண்டபத்துக்கு நல்ல வெளிச்சம் போடுவதால் எவரும் இறப்பதில்லை. 1990களின் இறுதியில் நியூயோர்க்கின் றிவர்டேல் பகுதியில் ஒரு முதியோர் இல்லம், மறதிநோயாளரை அந்தியில் வீட்டிலிருந்து அழைத்துவந்து, இரவெல்லாம் பாட்டும் கைவேலையும் உணவும் பேச்சுமாக வைத்திருந்து, காலையில் வீடு சேர்க்கும் திட்டமொன்றைத் தொடங்கியது. உறங்காதவரைப் பலவந்தமாக உறங்கவைக்காது, விழித்திருக்க இடங்கொடுத்தது அத்திட்டம். வீட்டிலிருந்த மகளையும் அது உறங்கவைத்தது. அதற்குத் தேவைப்பட்டவை ஒரு வாகனம், ஒரு மண்டபம், இரவுச் சம்பளம் பெறும் சில மனிதர்.

அண்மைக்கால ஆய்வு இவ்வரலாற்றுக்கு மற்றொரு வினாவையும் சேர்த்துள்ளது. உறக்கக் கேடு மறதிநோயின் விளைவு மட்டுந்தானா, அதன் காரணங்களுள் ஒன்றாகவும் இருக்கலாமா? 2013இல் மைக்கன் நெடர்கார்ட் குழுவினர், உறங்கும் எலிகளின் மூளையிலிருந்து கழிவுப் புரதம் விரைவாக அகற்றப்படுகிறது என அறிவித்தனர். அதன் பொறிமுறை பற்றி ஆய்வாளரிடையே கருத்து வேறுபாடு நிலவுகிறது. 2021இல் வெளியான ஆய்வொன்று பிரித்தானிய அரசாங்க ஊழியர் 7,959 பேரை 25 ஆண்டுகள் தொடர்ந்து நோக்கியது. ஐம்பது முதல் எழுபது வயது வரை இடைவிடாது ஆறு மணி நேரமோ அதற்குக் குறைவாகவோ உறங்கியோருக்கு, ஏழு மணி நேரம் உறங்கியோரைவிட மறதிநோய் நேரும் வாய்ப்பு 30 சதவீதம் அதிகமாயிருந்தது. குறைந்த உறக்கமே நோயை விளைவித்ததென இதனால் நிரூபணமாகிவிடாது. எனினும் சமுதாய உணர்வுடையோர் இங்கே ஒரு கணம் நின்று சிந்திக்கவேண்டும். யாருக்கு ஏழு மணி நேர உறக்கம் கிடைக்கிறது? இரவு முறைவேலை செய்யும் ஆலைத் தொழிலாளிக்கா? விடியுமுன் எழுந்து சமைத்துவிட்டுக் கொழுந்தெடுக்கச் செல்லும் பெண்ணுக்கா? மறதிநோயுற்ற மாமியாரோடு இரவெல்லாம் விழித்திருந்துவிட்டுக் காலையில் வகுப்பறைக்குச் செல்லும் ஆசிரியைக்கா? உறக்கமும் செல்வத்தைப்போலவே சமமின்றிப் பங்கிடப்படுகிறது.

நமது நாட்டுக்கு இது அந்நியர் கதையன்று. றாகமைப் பகுதியில் 65 வயதுக்கு மேற்பட்ட 703 பேரிடம் நடத்திய ஆய்வு 2003இல் வெளிவந்தது; அவர்களில் 3.98 சதவீதத்தினருக்கு மறதிநோய் இருப்பது அதிற் கண்டறியப்பட்டது. இலங்கையின் மக்கட்டொகை விரைந்து முதுமையடைந்து வருகிறது. 'எங்கள் பண்பாட்டில் முதியோரை வீட்டிலேயே வைத்துப் பார்ப்போம்' என்று மேடையிற் பெருமை பேசுவது எளிது. பார்ப்பது யார் என்று கேட்டால் விடை பெரும்பாலும் ஒரு பெண்ணின் பெயராகவே இருக்கும். அவளுக்கு இரவுச் சம்பளமில்லை, மாற்றுக்கு ஆளில்லை, மறுநாள் விடுமுறையுமில்லை. பிள்ளைகள் கடல்கடந்த வீடுகளில் வயோதிபர் பராமரிப்புக்குக்கூட அவளிற் குறைவான வயதுடைய பெண்கள் இந்நாட்டிலிருந்து சென்றிருக்கின்றனர். அவர்களின் தாய்மாரின் இரவைப் பார்ப்பதற்கோ ஊரில் ஆளில்லை.

மேலைநாடுகள் ஒரு நூற்றாண்டில் நடந்த வழியை நாமும் அப்படியே நடக்கவேண்டும் என்ற விதி ஏதுமில்லை. முதியவர் இரவிற் கலங்கினால் முதலிற் கேட்கவேண்டிய வினாக்கள் சில உள்ளன. எங்காவது வலிக்கிறதா? சிறுநீர் உபாதையா, மலச்சிக்கலா? மூக்குக்கண்ணாடி கையெட்டும் தூரத்தில் இருக்கிறதா? பகலில் முற்றத்து வெயிலில் நடந்தாரா, மூலையறையிற் கிடந்தாரா? இரவில் வாசற்படி தெரியுமளவு விளக்கு எரிகிறதா? இவற்றுக்கெல்லாம் பின்னரே குளிசை. இவ்வினாக்களை ஊர் வாசிகசாலைகளிலும் மாதர் சங்கங்களிலும் எடுத்துச் சொல்வதற்கு ஆசிரியரிலும் மாணவரிலும் பொருத்தமானவர் இலர்.

ஆனால் குடும்பத்துக்கு அறிவுரை கூறுவதோடு நின்றுவிட்டால், சுமையை மீண்டும் அதே பெண்ணின் தலையில் ஏற்றியவர்களாவோம். மருத்துவமனை வாட்டில் இரவுப் பணியாளர் எத்தனை பேர் என்ற வினாவும், வீட்டிலிருந்து பராமரிப்போருக்கு வாரத்தில் ஓரிரவாவது மாற்று ஏற்பாடு உண்டா என்ற வினாவும், வரவுசெலவுத் திட்ட விவாதத்திலும் தொழிற்சங்கக் கோரிக்கைகளிலும் இடம்பெறவேண்டியவை. எட்டு மணி நேர வேலைக்காகப் போராடிய தொழிலாளர், எட்டு மணி நேர ஓய்வையும் அக்கோரிக்கையோடு சேர்த்தே கேட்டனர். பிராங்பேர்ட் விடுதியிற் படுக்கைத் துணியை இழுத்துக்கொண்டு அலைந்த பெண்ணுக்கும், அவரைத் தேடி எழுந்த காவற்பணியாளருக்கும், அம்மாவின் காலடிச் சத்தம் கேட்டு இன்றிரவும் எழப்போகும் மகளுக்கும் அந்தக் கோரிக்கை இன்னமும் நிறைவேறவில்லை.